ஒரு மூச்சு நீளம்

படம் ஓடத் தொடங்கிய கொஞ்ச நேரத்திலேயே எனக்குப் பயம் பிடித்துவிட்டது. திரையில் பயப்படும்படி ஒன்றுமில்லை. எங்கள் வீட்டு மாடிப்படிச் சுவர்தான். சுண்ணாம்பு உதிர்ந்த ஓரம், கைப்பிடிக் கம்பி, கம்பியின் நிழல். என் மனைவி எடுக்கிற படங்களில் இதற்கு மேல் எதுவும் நடக்காது. நடந்தால்தான் நான் திடுக்கிடுவேன். ஆனால் அன்றைக்கு அந்தச் சுவர் ஆடியது.

கொஞ்சம்தான். இன்ஜினை அணைக்காமல் நிற்கிற பஸ்ஸில் ஜன்னல் கண்ணாடி ஆடுமே, அந்த அளவுக்கு. அடுத்து சமையலறைக் குழாய் வந்தது, அதுவும் ஆடியது. கொடியில் தொங்கும் சட்டை வந்தது. சட்டை காற்றில் ஆடுவது வேறு, கொடியும் சுவரும் சேர்ந்து படமே ஆடுவது வேறு. அது தெரியாத ஆள் இல்லை நான்.

பக்கத்து நாற்காலியைப் பார்த்தேன். அவள் திரையைப் பார்க்கவில்லை, என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். இரண்டு கைகளையும் மடியில் இறுக்கிக் கோத்து வைத்திருந்தாள். ஒளித்து வைக்கிறாள் என்று நினைத்தேன்.

அந்த ஆட்டம் நான் ஏற்கெனவே பார்த்தது. அவளுடைய அண்ணன், என் மச்சான், கடிகாரம் பழுது பார்ப்பவர். ஒருநாள் திருகாணி கையிலிருந்து நழுவியது. நழுவாத நாளே இல்லை என்று ஆனது. பிறகு கடையை மூடினார், பிறகு சட்டைப் பொத்தான், பிறகு ஸ்பூன். கடைசியில் மெத்தையில் படுத்தபடி கூரையைப் பார்த்துக்கொண்டிருப்பார், கை மட்டும் தனியாக ஆடிக்கொண்டிருக்கும். முகத்தில் சிரிப்பும் வராது, கோபமும் வராது. என் மனைவி ஒருவர் மீது உயிரை வைத்திருந்தாள் என்றால் அது அவர் மீதுதான். அவரைக் குளிப்பாட்டிவிட்டு வெளியே வந்து, "இது எனக்கு வந்தா என்னை யாரும் பாக்கக் கூடாது" என்று ஒருமுறை சொல்லியிருந்தாள். அந்த வார்த்தை எனக்குள் முள்ளாகத் தங்கிவிட்டது. குடும்பத்தில் ஒருவருக்கு இந்த நடுக்க நோய் வந்ததென்றால் அடுத்தவருக்கு வராது என்று யார் உத்தரவாதம் கொடுப்பார்கள்?

விளக்கு போட்டார்கள். அந்தச் சின்ன ஹாலில் எல்லாரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். எங்கள் படங்களைப் பற்றி விடாமல் எழுதுகிற கட்டுரைக்காரர் ஒருவர் இருக்கிறார், நல்ல மனிதர், பேச ஆரம்பித்தால் நிறுத்தமாட்டார். அவர் மைக்கை வாங்கி, இத்தனை வருஷம் அசைவின்மையை ஆராய்ந்த கலைஞர் இப்போது நடுக்கத்தைக் கண்டடைந்திருக்கிறார், இது இவருடைய இரண்டாவது பருவம் என்றார். மறுபடியும் கைதட்டல். எனக்கு அவர் வாயைப் பொத்தினால் தேவலை என்று இருந்தது.

எங்கள் கதையைக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். இல்லையென்றால் அந்த ஆட்டம் எனக்கு ஏன் அவ்வளவு பெரிதாகப் பட்டது என்று புரியாது.

அவள் முதலில் ஒரு விளம்பரப் படக் கம்பெனியில் ஃபிலிம் வெட்டி ஒட்டுகிற வேலையில் இருந்தாள். ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன்னும் பின்னும் வேண்டாத துண்டு இருக்கும். கேமரா ஓட ஆரம்பித்திருக்கும், நடிப்பவர் இன்னும் நடிக்க ஆரம்பித்திருக்க மாட்டார். சோப்பைக் கையில் பிடித்துக்கொண்டு எங்கேயோ பார்த்தபடி சும்மா நிற்பார். அந்தத் துண்டுகள் குப்பைக்குப் போகும். இவள் பை பையாக வீட்டுக்குக் கொண்டுவந்து, எல்லாவற்றையும் ஒட்டி ஒரு படம் செய்தாள். சிரிப்பதற்கு முந்தைய முகங்கள் மட்டுமே உள்ள படம். பார்க்க வந்தவர்கள் ஒரு வேனில் அடங்குவார்கள். முதலாளியும் வந்தார். குப்பையை எடுத்தவள் மறுபடி குப்பையாகவே கொடுத்திருக்கிறாள் என்று சொல்லிவிட்டுப் போனார். வேலை போனது. அவள் அதற்காக ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. சாவி கொடுத்து ஓட்டுகிற பழைய கேமரா ஒன்றை வாங்கிவிட்டாள்.

கேமரா வந்ததும் புதுத் தலைவலி. அவளுக்கு ஸ்டாண்டு பிடிக்காது. ஸ்டாண்டில் வைத்தால் செத்த படம், கையில் பிடித்தால் குடிகாரப் படம் என்பாள். அசையாமலும் இருக்க வேண்டும், உயிரோடும் இருக்க வேண்டும். அப்படி ஒரு பொருளைத் தேடிக்கொண்டிருந்தபோதுதான் அவளுக்கு இருமல் வந்தது.

நான் ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுப்பவன். அவளைப் பலகையோடு நெஞ்சு ஒட்ட நிற்க வைத்து, எல்லாருக்கும் சொல்வதைச் சொன்னேன். மூச்சை நல்லா இழுத்துப் பிடிங்க, அசையாதீங்க. பட்டனை அழுத்திவிட்டு, ம், விடலாம் என்றேன். அவள் சட்டையைச் சரிசெய்துகொண்டு கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் இருந்த என்னிடம் வந்து, நீங்களும் மூச்சைப் பிடித்துக்கொண்டீர்களே, ஏன் என்று கேட்டாள். எனக்கே அது தெரியாது. பேஷண்டோடு சேர்ந்து நானும் மூச்சைப் பிடிக்கிறேன், இத்தனை வருஷமாக, ஒவ்வொரு பேஷண்டோடும். எவ்வளவு நேரம் பிடிப்பீர்கள் என்று கேட்டாள். அன்றைக்கு அவளுக்குப் பின்னால் நின்ற வரிசை என்னைத் திட்டித் தீர்த்தது.

அவளுடைய நெஞ்சில் ஒன்றும் இல்லை. என் தோள்தான் அவளுக்குத் தேவைப்பட்டது. நான் ஸ்டூலில் உட்காருவேன், கை இரண்டும் மடியில். வலது தோளில் மடித்த துண்டு, துண்டின் மேல் கேமரா, பின்னால் அவள். அவள் கன்னம் என் காதை உரசும். "பிடிங்க" என்பாள். நான் மூச்சைப் பிடிப்பேன். கேமரா என் காதருகே வண்டாக முரலும். சாவி தீரும் நேரமும் என் மூச்சு தீரும் நேரமும் ஏறக்குறைய ஒன்று. அதைத்தான் அவள் ஒரு மூச்சு என்பாள். அவளுடைய படங்களில் எந்த ஷாட்டும் அதற்கு மேல் போகாது. அந்த நீளம் ஏன் என்பதற்குக் கட்டுரைக்காரர் நிலவையும் கடல் அலையையும் இழுத்துப் பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறார். என் நுரையீரல்தான் காரணம் என்று நாங்கள் இருவரும் சொல்லவே இல்லை. அது எங்களுக்குள் ஒரு வேடிக்கை.

அவளோடு இருப்பவர்கள் என்னை "ஸ்டாண்டு சார்" என்று கூப்பிடுவார்கள். எனக்கு அதில் பெருமைதான். குளியலறையில் ஃபிலிம் கழுவுவதற்காக நான் பல்லைக்கூட சமையலறையில் தேய்த்திருக்கிறேன். பல வருஷம் யாரும் வரவில்லை, பிறகு மாணவர்கள் வந்தார்கள், பிறகு வெளியூர்களிலிருந்து அழைப்பு வந்தது. அவள் எதற்கும் மாறவில்லை. சுவர், குழாய், நாற்காலி, ஒவ்வொன்றும் ஒரு மூச்சு. நான் ஓய்வு பெற்று வீட்டோடு வந்த பிறகு ஸ்டூல் வேலை இன்னும் கூடியது.

அதனால்தான் சொல்கிறேன், அந்தப் படங்களில் எதுவும் ஆடியதில்லை. ஆடினால் ஏதோ ஆகிவிட்டது என்று அர்த்தம்.

அன்றிலிருந்து நான் அவள் கைகளை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. பயம் ஒரு மனிதனை எவ்வளவு கேவலமான துப்பறிவாளன் ஆக்கும் என்பதை என்னைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். சட்டைப் பொத்தானை நானே பிய்த்துவிட்டு, தைத்துக் கொடு என்று நீட்டினேன். ஜன்னல் பக்கம் திரும்பி ஒரே தடவையில் ஊசியில் நூலைக் கோத்தாள். டம்ளர் விளிம்பு வரை டீ ஊற்றச் சொன்னேன். ஒரு சொட்டு சிந்தவில்லை. ஃபிலிம் ஒட்டும்போது பின்னால் போய் நின்றேன். இரண்டு முனைகளையும் அவள் பொருத்திய விதத்தைப் பார்த்தால் இருபது வயதுப் பெண் தோற்றுப்போவாள். மறைக்கக் கற்றுக்கொண்டுவிட்டாள் என்றே நினைத்தேன். மச்சானும் முதலில் அப்படித்தான், மேஜையில் முழங்கையை ஊன்றி எங்களை ஏமாற்றினார்.

இன்னொன்றும் என்னைக் கலக்கியது. முன்பெல்லாம் வாரத்துக்கு ஒருமுறை ஸ்டூலில் உட்காரச் சொல்வாள். இப்போது தினமும். காலையில் ஒரு மூச்சு, மாலையில் ஒரு மூச்சு. அதே சுவர். கை முழுசாகக் கெட்டுப்போவதற்குள் எடுத்துவிட வேண்டும் என்று பறக்கிறாள் என எண்ணிக்கொள்வேன். என்னைத் தெருமுனை வரை நடந்துவிட்டு வரச் சொல்லி வாசலில் நின்று பார்ப்பாள். என் செருப்பு தேய்கிற சத்தம் கேட்கிறது, புதுசு வாங்குங்கள் என்பாள். வாங்கினேன், அதுவும் தேய்ந்தது. இப்போதெல்லாம் செருப்பும் சரியில்லை, டெய்லர்கள் வைக்கிற பொத்தான் துளையும் சரியில்லை, சட்டை போட்டு முடிப்பதற்குள் பொழுது போய்விடுகிறது. வலது கட்டைவிரல் அவ்வப்போது தானாக ஆடும். காலமெல்லாம் பட்டன் அழுத்திய விரல், ஓய்வு பெற்றது அதற்கு மட்டும் தெரியாது என்று அவளிடம் வேடிக்கையாகச் சொன்னேன். எதற்கும் சிரிப்பவள் அதற்குச் சிரிக்கவில்லை. குழாயைத் திறந்து பாத்திரம் கழுவப் போய்விட்டாள்.

பயத்தில் தூக்கம் கெட்டது. படுத்தால் மச்சான் வீட்டு மெத்தை நினைவுக்கு வரும், அதில் இவள் படுத்திருப்பாள். ஸ்பூனை நான் பிடித்திருப்பேன். அதுகூடப் பரவாயில்லை, ஸ்பூன் பிடிக்க எனக்குத் தெரியும். கேமராவைத் தூக்க முடியாத அவளை எப்படிப் பார்ப்பேன்? அவளுக்கு வேறு பேச்சு கிடையாது. மனதில் இருப்பதை வாயால் சொல்லி நான் கேட்டதே அபூர்வம். நான் கல்யாணத்துக்குக் கேட்டபோதும் அவள் பதில் சொல்லவில்லை. என் செருப்பும் அவள் செருப்பும் ஒரே வாசலில் கிடப்பதைப் படம் எடுத்துக் காட்டினாள், அதுதான் சம்மதம்.

முடிவாக, பழைய ஆஸ்பத்திரியில் எனக்குத் தெரிந்த நரம்பு டாக்டருக்குப் போன் செய்து நேரம் வாங்கினேன். யாருக்கு என்றார். வீட்டில் என்றேன்.

அவளிடம் எப்படிச் சொல்வது என்று ஒத்திகை பார்த்துக்கொண்டு மதியம் அவளுடைய வேலை அறைக்குப் போனேன். மேஜை விளக்கின் கீழ் ஏதோ ரீலைச் சுற்றிக்கொண்டிருந்தாள். நான் ஒத்திகை பார்த்த ஒரு வார்த்தையும் வரவில்லை. "நாளைக்குக் காலையில டாக்டர்கிட்ட போறோம். நரம்பு டாக்டர்" என்று போட்டு உடைத்தேன்.

கை நின்றது. "சரி, போலாம்" என்றாள்.

சண்டை போடுவாள் என்று எதிர்பார்த்துத்தான் வந்திருந்தேன். அப்படியானால் உண்மை. எல்லாம் அவளுக்குத் தெரியும். நான் ஸ்டூலில் உட்கார்ந்தேன்.

"எப்பலேர்ந்து தெரியும் உனக்கு?" என்று கேட்டேன்.

"மழைக்காலத்துக்கு முன்னாடியே."

"என்கிட்ட சொல்லணும்னு தோணலையா? உன் அண்ணனைத் தூக்கினவன் நான். உன்னைத் தூக்க மாட்டேனா?"

அவள் என்னை விசித்திரமாகப் பார்த்தாள். கன்னத்தில் அறை வாங்கியவள் போல முகம் மாறியது. பிறகு எழுந்து போய் ஜன்னல் திரையை இழுத்துவிட்டாள். புரொஜெக்டரில் ஒரு துண்டு ஃபிலிமை மாட்டினாள்.

அறைச் சுவரில் மாடிப்படிச் சுவரின் படம் விழுந்தது. அதே சுண்ணாம்பு, அதே கம்பி. ஆடவில்லை. ஒரு மூச்சு நீளம் அப்படியே நின்றது. கையில் பிடித்த படத்துக்கே உரிய மிதப்பு லேசாக இருந்ததே தவிர நடுக்கம் என்பதே இல்லை.

"இது நீங்க பால் வாங்கப் போயிருந்தப்ப எடுத்தது. நான் மட்டும். வெறும் கையால."

அடுத்த துண்டு. அதே சுவர், அதே வெளிச்சம். ஆடியது.

"இது நீங்க வந்தப்புறம். உங்க தோள்ல வச்சு."

நான் ஆஸ்பத்திரியில் புதிதாக வேலைக்குச் சேருகிறவர்களுக்கு முதல் நாள் ஒன்று சொல்லிக்கொடுப்பேன். படம் கலங்கியிருந்தால் உடனே மெஷினைத் திட்டாதே, ஆள் அசைந்திருக்கிறார், அவரைப் பார். எத்தனை பேருக்குச் சொல்லியிருப்பேன். இவ்வளவு நாளும் நான் மெஷினைப் பார்த்துக்கொண்டிருந்தேன். குனிந்து என் மடியைப் பார்த்தேன். படம் எடுக்கும்போது குனியக் கூடாது, தோள் அசையும், அதனால் நான் குனிந்ததே இல்லை. என் வலது கை மடியில் சும்மா கிடந்தது. கட்டைவிரலும் பக்கத்து விரலும் எதையோ உருட்டிக்கொண்டிருந்தன. சுவரில் கம்பி எந்தக் கணக்கில் ஆடியதோ அதே கணக்கில்.

புரொஜெக்டர் ஓடிக்கொண்டே இருந்தது, வெறும் வெளிச்சம் விழுந்தது. எனக்கு முதலில் வந்தது பயம்கூட இல்லை, கோபம். ஊரைக் கூட்டிவைத்துக் கைதட்ட விட்டாயா என்று கேட்டேன். என் நோய்தான் உன்னுடைய இரண்டாவது பருவமா என்று கேட்டேன். அதைவிட மோசமாகவும் ஏதோ சொன்னேன். அவள் எதையும் மறுக்கவில்லை.

"முதல்ல என் கைதான்னு நெனச்சேன்" என்றாள். "பயந்து செத்தேன். அப்புறம் தனியா எடுத்துப் பாத்தேன். என் கை இல்லைன்னு தெரிஞ்சதும் ஒரு நிமிஷம் நிம்மதியா இருந்துச்சுங்க. அந்த ஒரு நிமிஷத்தை நெனச்சு நெனச்சு..." புரொஜெக்டரை அணைத்தாள். "உங்ககிட்ட வாயால சொல்ல வரல. நின்னுடும் நின்னுடும்னு தினமும் எடுத்தேன். நிக்கல. திரையில பெருசா பாத்தா உங்களுக்கே தெரிஞ்சிரும்னு போட்டேன். எக்ஸ்ரே பாக்குற கண்ணு ஆச்சே. நீங்க என்னடான்னா என்னைப் பாக்கறீங்க."

கோபம் போன இடத்தில் பயம் வந்து உட்கார்ந்தது. இத்தனை நாள் பயந்தது ஒன்றுமே இல்லை, அது அடுத்தவருக்காகப் படுகிற பயம், அதில் ஒரு வீரம் இருந்தது. இதில் எதுவும் இல்லை. மெத்தையில் இப்போது நான் படுத்திருந்தேன். ஸ்பூன் அவள் கையில். என்னை யாரும் பார்க்கக் கூடாது என்று மச்சான் வீட்டு வாசலில் அவள் சொன்னது எனக்கு அப்போதுதான் புரிந்தது.

மறுநாள் காலை நான் சட்டை போட்டு முடிக்க நேரமானது. அவள் பொத்தானைப் போட்டுவிட வரவில்லை, காத்திருந்தாள், அதற்கு நன்றி. கிளம்பலாம் என்று வாசலுக்கு வந்தால் மாடிப்படியின் எதிரில் ஸ்டூல் போட்டிருந்தது. அவள் கையில் கேமரா.

"இன்னைக்கு வேணாம்மா" என்றேன். "ஆடும்."

"ஆடட்டும். உக்காருங்க."

உட்கார்ந்தேன். கை மடியில் கிடந்தது. தோளில் துண்டு, துண்டின் மேல் கேமராவின் கனம். மூச்சைப் பிடிக்கவா என்று கேட்டேன். வேண்டாம், சும்மா விடுங்கள், நீங்கள் இருக்கிறபடி இருங்கள் என்றாள். கேமரா முரல ஆரம்பித்தது.

அப்போது தோளில் வேறொரு நடுக்கம் வந்தது. என் நடுக்கம் எனக்குத் தெரியாது, ஆனால் இது தெரிந்தது. ஒழுங்கே இல்லாமல், விட்டு விட்டு. கேமராவைப் பிடித்திருந்த அவள் கை. காதோரம் அவள் கன்னம் ஈரமாகப் பட்டது. ஊசியில் நூல் கோத்த கை, விளிம்பு வரை டீ ஊற்றிய கை, தாங்க மாட்டாமல் உதறிக்கொண்டிருந்தது. பயம். அவளுடைய பயத்தை நான் முதல்முறையாகத் தொட்டுப் பார்த்தேன், என் எலும்பில்.

என்னிடம் மிச்சம் இருந்தது ஒன்றுதான். கண்ணாடித் தடுப்புக்குப் பின்னாலிருந்து காலமெல்லாம் பேசிய குரல். அது இன்னும் ஆடவில்லை.

"மூச்சை நல்லா இழுத்துப் பிடிங்க" என்றேன். "அசையாதீங்க."

காதுக்குப் பக்கத்தில் அவள் மூச்சை இழுக்கும் சத்தம் கேட்டது. பிடித்தாள். கை மெல்ல மெல்ல அடங்கியது. பழக்க தோஷம், நானும் பிடித்துக்கொண்டேன். சுவரைப் பார்த்தபடி இருவரும் அப்படியே இருந்தோம், சாவி தீர்ந்து கேமரா நிற்கும் வரை. நின்ற பிறகும் அவள் மூச்சை விடவில்லை, நான் சொல்வதற்காகக் காத்திருந்தாள்.

"ம், விடலாம்" என்றேன்.